செவர்ன் கரையில் வார்ப்பிரும்பு: ஒரு பயண நாட்குறிப்பு

புதன்: அயர்ன்பிரிட்ஜ்

அயர்ன்பிரிட்ஜ் ஊருக்கு ரயில் கிடையாது. ஒரு காலத்தில் இருந்தது, 1963-இல் நிறுத்திவிட்டார்கள். ஸ்டேஷன் இருந்த இடத்தில் இப்போது கார்கள் நிற்கின்றன. அதனால் பர்மிங்காமிலிருந்து டெல்ஃபோர்டு சென்ட்ரல் வரை ரயில், அங்கிருந்து பஸ். கடைசி இறக்கத்தில் பஸ் திரும்பும்போது இடது, வலது எல்லாப் பக்கமும் மரம் அடர்ந்த சரிவு. கீழே செவர்ன் ஆறு பழுப்பாக ஓடுகிறது.

கூட வந்திருப்பவர் என் மாமனார். கோயம்புத்தூரில் பம்புசெட்டுக்கு வார்ப்படம் ஊற்றும் பவுண்டரி ஒன்றில் வேலை பார்த்து ஓய்வு பெற்றவர். பர்மிங்காமுக்கு மகளைப் பார்க்க வந்தவரிடம் லண்டன், ஆக்ஸ்போர்டு எல்லாம் சொல்லிப் பார்த்தேன். எதற்கும் மசியவில்லை. உலகத்தின் முதல் பெரிய வார்ப்பிரும்புப் பாலம் இங்கிருந்து ஒன்றரை மணி நேரம் என்றதும், "நாளைக்கே போலாமுங்களா?" என்றார்.

பாலம் ஷ்ராப்ஷயர் மாவட்டத்தில் இருக்கிறது. 1779-இல் தூக்கி நிறுத்தினார்கள், 1781 புத்தாண்டு அன்று போக்குவரத்துக்குத் திறந்தார்கள். வளைவு தாண்டும் தூரம் 30.6 மீட்டர், ஒரே வளைவு, ஆற்றுக்குள் தூண் இல்லை. படத்தில் பார்த்தபோது இவ்வளவுதானா என்றுதான் தோன்றியது. கரையில் இறங்கி அடியில் நின்றால் நிலைமை வேறு. அந்த வளைவுக்குள் ஐந்து வளைந்த சட்டங்கள் பக்கம் பக்கமாக நிற்கின்றன, ஒவ்வொன்றும் இரண்டு பாதிகள். ஒவ்வொரு பாதியும் ஏறக்குறைய 21 மீட்டர் நீளமுள்ள ஒற்றை வார்ப்பு! மாமா அந்த அளவைக் கேட்டதும் சற்று நேரம் எதுவும் பேசவில்லை. அப்புறம் கைத்தடியால் மேலே காட்டி, "இதை ஊத்துனது கூடச் சரிங்க மாப்பிள்ளை. உடையாம எப்படித் தூக்குனாங்க?" என்றார்.

அந்தக் கேள்விக்கு இருநூறு ஆண்டுகளுக்கு மேல் யாரிடமும் உறுதியான பதில் இல்லை. கட்டி முடித்த பாலத்துக்கு ஓவியங்கள் ஏராளம். கட்டும்போது பார்த்து எழுதியவர் யாரும் அகப்படவில்லை. 1997-இல் ஸ்டாக்ஹோமில் ஒரு நீர்வண்ணப் படம் கிடைத்தது. எலியாஸ் மார்ட்டின் என்ற ஸ்வீடன் ஓவியர் பாதி கட்டிய பாலத்தை நேரில் பார்த்து வரைந்தது. ஆற்றுக்குள் மரச் சட்டகம் ஒன்றை நட்டு, அதையே பாரந்தூக்கியாக வைத்து, படகில் கொண்டுவந்த வளைவுகளை ஏற்றியிருக்கிறார்கள். 2001-இல் பாலத்தின் நடுப்பகுதியைப் பாதி அளவில் வார்த்து, அதே முறையில் தூக்கிப் பார்த்தார்கள். நடந்தது.

பாலம் இப்போது செம்பழுப்பு நிறத்தில் இருக்கிறது. பழைய புகைப்படங்களில் சாம்பல் நிறத்தில் பார்த்திருப்பீர்கள். 2017, 2018-இல் பழைய சின்னங்களைப் பராமரிக்கும் இங்கிலீஷ் ஹெரிட்டேஜ் அமைப்பு 36 லட்சம் பவுண்டு செலவில் பழுது பார்த்தபோது, பெயின்டு அடுக்குகளைச் சுரண்டி ஆராய்ந்ததில் அடியில் இருந்த முதல் நிறம் இதுதான் என்று தெரிந்ததாம். எனக்குச் சாம்பலைவிட இது பிடித்திருக்கிறது. சுற்றிலும் உள்ள பச்சைக்கு எடுப்பாக இருக்கிறது.

தென்கரையில் சுங்கச் சாவடி. வெளியே தொங்கும் கட்டணப் பலகையைக் கட்டாயம் நின்று படியுங்கள். ஆறு குதிரை பூட்டிய கோச்சு வண்டிக்கு இரண்டு ஷில்லிங், நடந்து போகிறவருக்கு அரைப் பென்னி. ராணுவ வீரன் பணியில் இருந்தாலும் இல்லாவிட்டாலும் கட்ட வேண்டும், தபால் வண்டியும் கட்ட வேண்டும், அரச குடும்பமும் கட்ட வேண்டும் என்று தெளிவாக எழுதிவைத்திருக்கிறார்கள். பங்கு போட்டுக் கட்டிய பாலம் என்பதால் ராஜாவுக்கும் சலுகை இல்லை. 1934-இல் வண்டிகளை நிறுத்திய பிறகும் நடந்து போகிறவர்களிடம் 1950 வரை வசூலித்தார்கள்.

அரைப் பென்னி மிச்சம் பிடிக்க நினைத்தவர்கள் பரிசலில் கடந்தார்கள் என்று இங்கே ஒரு கதை சொல்கிறார்கள். கதை எப்படியோ, பரிசல் உண்மை. ஒக்கேனக்கல்லில் இருப்பதைவிடச் சின்னது, ஒருவர் தோளில் சுமந்துகொண்டு நடக்கலாம். அண்மைக் காலம் வரை இந்த ஊரில் பரிசல் செய்யும் குடும்பம் இருந்தது.

வியாழன்: கோல்புரூக்டேல்

காலையில் மறுபடி பாலத்துக்கு அடியில் போனோம். மாமா ராத்திரி சரியாகத் தூங்கவில்லை போலிருக்கிறது. "மூட்டு எல்லாத்தையும் ஒருக்கா கிட்டப் பார்க்கணும்" என்றார்.

அவர் சொன்னதில்தான் இந்தப் பாலத்தின் சங்கதியே இருக்கிறது. ஏறக்குறைய 1,700 துண்டுகள் இதில் இருக்கின்றன. அவற்றை போல்ட் போட்டு இணைக்கவில்லை. ஒரு துண்டில் துளை, இன்னொன்றில் அதற்குள் நுழையும் நாக்கு. குறுக்குச் சட்டங்களில் புறா வால் போல விரிந்து பூட்டிக்கொள்ளும் மூட்டு. இடைவெளியில் ஆப்பு. கண்ணில் படுகிற போல்ட்டுகள் பெரும்பாலும் பிற்காலத்தில் பழுது பார்த்தவர்கள் வைத்தவை. அதாவது ஒரு தச்சர் மரத்தில் செய்கிற அத்தனையையும் இரும்பில் செய்திருக்கிறார்கள். ஒரே மாதிரி தெரியும் இரண்டு துண்டுகளை அளந்தால் அளவு வேறாக இருக்கும். ஒவ்வொன்றையும் அதனதன் இடத்துக்குப் பார்த்து வார்த்திருக்கிறார்கள்.

"ஒரு மொகம் வழவழன்னு இருக்குது, அந்தப் பக்கம் சொரசொரன்னு. தெறந்த மணல்ல ஊத்தியிருக்காங்க. இங்க பாருங்க, புளோஹோல். இங்கயும்" என்று, வார்க்கும்போது காற்று சிக்கி விழுந்த குழிகளைக் காட்டிக்கொண்டே வந்தார். "எங்க கம்பெனியா இருந்தா பார்ட்டிக்காரன் லோடையே திருப்பி அனுப்பிருப்பானுங்க."

மொத்தம் 378 டன் இரும்பு. இவ்வளவு தேவையே இல்லை என்பது இன்றைய பொறியாளர்களுக்குத் தெரியும். அன்று யாருக்கும் தெரியாது. வடிவமைத்த தாமஸ் ஃபார்னல்ஸ் பிரிச்சர்டு ஷ்ரூஸ்பரியைச் சேர்ந்த கட்டடக் கலைஞர். இரும்பில் பாலம் கட்டலாம் என்ற யோசனையை 1773-இல் ஜான் வில்கின்சன் என்ற இரும்பாலை முதலாளியிடம் முதலில் எழுப்பியவரும் அவர்தான். வேலை தொடங்கிய 1777-ஆம் ஆண்டின் டிசம்பரிலேயே இறந்துவிட்டார். பொறுப்பு மூன்றாம் ஆபிரகாம் டார்பியிடம் வந்தது. பாலம் எழுந்தபோது அவருக்கு வயது 29. திட்ட மதிப்பு 3,200 பவுண்டு. அதற்கு மேல் ஆவதைத் தான் ஏற்றுக்கொள்கிறேன் என்று ஒப்பந்தம் வேறு போட்டிருந்தார் மனுஷன். செலவு 6,000 பவுண்டைத் தாண்டியிருக்கும் என்று கணக்கிடுகிறார்கள். 1789-இல் இறக்கும் வரை கடன் அவரை விடவில்லை.

டார்பி குடும்பத்தின் உலை பாலத்திலிருந்து நடக்கும் தூரத்தில் இருக்கிறது. கோல்புரூக்டேல் என்ற பக்கவாட்டுப் பள்ளத்தாக்கு. பழைய உலையை மழையிலிருந்து காக்க முக்கோணக் கூரை ஒன்றைப் போட்டு மூடியிருக்கிறார்கள். உள்ளே போனால் செங்கல்லும் கருங்கல்லும் சரிந்து நிற்கிற ஓர் இடிபாடு, அவ்வளவுதான். படம் எடுத்தால் நன்றாக வராது. ஆனால் தொழிற்புரட்சி எங்கே தொடங்கியது என்று யாராவது ஓர் இடத்தைக் காட்டச் சொன்னால் நான் இதைத்தான் காட்டுவேன்.

மூன்றாம் டார்பியின் தாத்தா, முதலாம் ஆபிரகாம் டார்பி, 1709-இல் இந்த உலையில் மரக்கரிக்குப் பதில் கல்கரியை வைத்து இரும்புத் தாதை உருக்கினார். அதற்கு முன் இரும்பு வேண்டுமென்றால் காட்டை வெட்ட வேண்டும். நிலக்கரியை அப்படியே போட்டால் அதிலிருக்கும் கந்தகம் இரும்பைக் கெடுத்துவிடும். நிலக்கரியைச் சுட்டுக் கந்தகத்தைப் போக்கினால் கல்கரி. மால்ட் (முளைகட்டி உலர்த்திய பார்லி) அரைக்கும் எந்திரம் செய்பவரிடம் சிறுவயதில் வேலை பழகியவர் டார்பி. மால்ட்டை உலர்த்த அந்தக் காலத்தில் கல்கரி எரிப்பது வழக்கம், யோசனை அங்கிருந்து வந்திருக்கலாம். இந்தப் பக்கத்து நிலக்கரியில் கந்தகம் இயல்பாகவே குறைவு என்பது அவருக்கு வாய்த்த அதிர்ஷ்டம்.

அவருக்குப் பாலம் கட்டும் எண்ணமெல்லாம் இல்லை. சமையல் பாத்திரம்தான் வியாபாரம். மணலில் இரும்புப் பானை வார்ப்பதற்கு 1707-இல் காப்புரிமை வாங்கி வைத்திருந்தார். பக்கத்திலுள்ள இரும்பு அருங்காட்சியகத்தில் குண்டு குண்டாகப் பானைகள் இருக்கின்றன. மாமா கண்ணாடிப் பெட்டிக்கு முன்னால் குனிந்து, "தகடு எத்தனை சன்னமா வந்திருக்குது பாருங்க" என்றார். பாலத்துக்குக் கிடைக்காத பாராட்டு பானைக்குக் கிடைத்தது. நியாயம்தான், பானை வார்ப்பதில் அவர்களுக்கு எழுபது வருஷ அனுபவம், பாலத்தில் ஒன்றுமில்லை.

உலையின் முகப்பில் 1777 என்று பொறித்த இரும்பு உத்தரம் இருக்கிறது. பாலத்து வேலை தொடங்கிய அதே வருஷம் மூன்றாம் டார்பி உலையைப் பெரிதாக்கியிருக்கிறார்.

வெள்ளி: பில்ட்வாஸ்

காலையில் மழை. பதினொரு மணிக்கு விட்டது. ஆற்றுக்கு எதிர்த்திசையில், மேற்கே நடந்தோம்.

1795 ஜனவரி இங்கிலாந்தின் பதிவுகளில் மிகக் குளிரான ஜனவரி. பிப்ரவரியில் பனி உருகி செவர்ன் பெருக்கெடுத்தது. இந்த ஆற்றில் அப்போதிருந்த பாலங்களில் அநேகமாக எல்லாமே அடி வாங்கின. அயர்ன்பிரிட்ஜ் மட்டும் அசையாமல் நின்றது. கல் பாலம் ஆற்றை மறிக்கும், தண்ணீர் முட்டித் தள்ளும். இந்தப் பாலத்தில் தள்ளுவதற்கு ஒன்றுமில்லை. வளைவு உயரம், ஆற்றில் தூண் இல்லை, மேலே வந்தாலும் இரும்புச் சட்டங்களுக்கு நடுவே தண்ணீர் போய்விடும். வார்ப்பிரும்புக்கு இதைவிட நல்ல விளம்பரம் காசு கொடுத்தாலும் கிடைத்திருக்காது. (காசு கொடுத்தும் செய்தார்கள். 1780-இலேயே வில்லியம் வில்லியம்ஸ் என்ற ஓவியருக்குப் பத்து கினி கொடுத்துப் பாலத்தை வரையச் சொன்னவர் டார்பி. பங்குதாரர்கள் பாலத்துக்கு எதிரிலேயே டான்டைன் என்று ஒரு ஹோட்டல் கட்டி, வேடிக்கை பார்க்க வருகிறவர்களைத் தங்கவைத்தார்கள்.)

பில்ட்வாஸில் இருந்த கல் பாலத்தை அந்த வெள்ளம் அடித்துப் போனது. மாவட்டப் பொறியாளராக இருந்த தாமஸ் டெல்ஃபோர்டு அதே இடத்தில் 1796-இல் இரும்புப் பாலம் கட்டினார். இரும்பு கோல்புரூக்டேலில்தான் வார்த்தது. வளைவு தாண்டும் தூரம் 39.6 மீட்டர், அயர்ன்பிரிட்ஜைவிட ஒன்பது மீட்டர் அதிகம். எடை 173 டன், பாதிக்கும் குறைவு! பதினேழு வருஷத்தில் பாடம் படித்துவிட்டார்கள். டெல்ஃபோர்டு தச்சு வேலையை எல்லாம் மறந்துவிட்டு, இரும்பு எதைத் தாங்கும் என்று கணக்குப் போட்டிருக்கிறார்.

ஆனால் இன்று பில்ட்வாஸில் போய் நின்றால் பார்ப்பதற்கு அவருடைய பாலம் இல்லை. இந்தப் பள்ளத்தாக்கின் இரண்டு கரையும் மெதுவாக உள்ளே நகர்ந்துகொண்டே இருக்கிறது. டெல்ஃபோர்டின் பாலத்தை 1905-இல் மாற்றிவிட்டார்கள். 1992-இல் வந்த எஃகுப் பாலத்தில் லாரிகள் போகின்றன. ஒரு நிமிஷம் நின்று பார்த்துவிட்டுத் திரும்பலாம், அதற்கு மேல் ஒன்றுமில்லை.

திரும்பும் வழியில் ஆல்பர்ட் எட்வர்டு பாலம். ஜான் ஃபௌலர் வடிவமைத்த ரயில் பாலம், 1864-இல் திறந்தது. 61 மீட்டர், ஒரே வளைவு, இதுவும் கோல்புரூக்டேல் வார்ப்பு. பக்கத்திலிருந்த அனல் மின் நிலையத்துக்கு 2015 வரை இதன் மேல் ரயில் ஓடியது. நிலையத்தின் நான்கு குளிர்விப்புக் கோபுரங்களைக் கட்டும்போதே மண் நிறம் வருவதற்காக கான்கிரீட்டில் செந்நிறம் கலந்திருந்தார்கள். 2019 டிசம்பரில் வெடி வைத்து இறக்கிவிட்டார்கள். பாலத்தில் இப்போது ரயில் இல்லை, தண்டவாளத்தில் செடி முளைத்திருக்கிறது.

மாமா வழியெல்லாம் ஒன்றையே திருப்பித் திருப்பிச் சொன்னார். எடை குறைவாக, கெட்டிக்காரத்தனமாகக் கட்டியது போய்விட்டது, தெரியாமல் இரண்டு பங்கு இரும்பு போட்டது நிற்கிறது. நான் முழுக்க ஒப்புக்கொள்ளவில்லை. அயர்ன்பிரிட்ஜும் சும்மா நிற்கவில்லை. கட்டிய சில வருஷத்திலேயே விரிசல் விட்டது. தென்கரைக் கல் கட்டுமானத்தை எடுத்துவிட்டு மர வளைவுகளும், பிறகு 1820-களில் இரும்பு வளைவுகளும் வைத்தார்கள். கடைசியில் 1972-க்குப் பிறகு ஆற்றின் அடியிலேயே கான்கிரீட் போட்டு, இரண்டு கரையும் நெருங்காதபடி முட்டுக் கொடுத்தார்கள். அதுதான் இப்போது காப்பாற்றுகிறது. "அந்த மாதிரி முட்டு பில்ட்வாஸுக்கும் கொடுத்திருந்தா?" என்றேன். யோசித்துவிட்டு, "டீ குடிக்கலாமா மாப்பிள்ளை" என்றார்.

சனி: கோல்போர்ட்

இன்று ஆற்றோடு கீழே. வழியில் ஜாக்ஃபீல்டு. 1952-இல் இங்கே கரை சரிந்து வீடுகள் போயின. இப்போதும் சுவர்கள் லேசாகச் சாய்ந்து நிற்கின்றன. சுவரிலும் தரையிலும் பதிக்கும் ஓடுகளுக்கான அருங்காட்சியகம் நன்றாக இருக்கிறது, ஆனால் அதற்குத் தனியாக ஒரு அரை நாள் வேண்டும்.

கோல்போர்ட் பாலத்தில் ஆள் கூட்டம் இல்லை. அயர்ன்பிரிட்ஜில் செல்ஃபி எடுக்கிற நூறு பேரில் ஒருவர் இங்கே வந்தால் அதிகம். எனக்கு இதுதான் பிடித்தது. 1780-இல் மரப்பாலமாகத் தொடங்கியது. 1795 வெள்ளம் இதையும் விட்டுவைக்கவில்லை. 1799-இல் இரும்பு வளைவுகள் வைத்தார்கள், போதவில்லை என்று 1818-இல் மேலும் சேர்த்தார்கள். கைப்பிடிச் சுவரில் 1818 என்று வார்த்திருக்கிறது. பக்கத்து மதுக்கடைக்கு இன்னும் மரப்பாலத்தின் பெயர்தான்.

முக்கியமானது என்னவென்றால் இதில் இன்றும் கார் போகிறது. எடை வரம்பு உண்டு, ஒரு நேரத்தில் ஒரு பக்கம்தான். அடியில் நின்றுகொண்டு மேலே ஒரு கார் போவதைக் கேட்டோம். மாமா உள்ளங்கையை வளைவில் வைத்துப் பார்த்தார். "அதிரவே இல்லைங்க."

வார்ப்பிரும்பை நசுக்கினால் எவ்வளவு வேண்டுமானாலும் தாங்கும். இழுத்தால் முன்னறிவிப்பே இல்லாமல் உடையும். வளைவாக வைத்தால் பாரம் முழுவதும் நசுக்கும் விசையாகக் கரைக்குப் போய்விடும், அதனால் பிழைத்தது. நேர் உத்தரமாக வைத்தால் அடிப்பக்கம் இழுபடும். 1847-இல் செஸ்டரில் ராபர்ட் ஸ்டீவன்சன் டீ ஆற்றின் மேல் கட்டிய ரயில் பாலத்தில் அதுதான் நடந்தது. வார்ப்பிரும்பு உத்தரம் உடைந்து ரயில் விழுந்தது, ஐந்து பேர் இறந்தார்கள். அதன் பிறகு ரயில்வேக்காரர்களுக்கு இந்த உலோகத்தின் மேல் பழைய நம்பிக்கை வரவில்லை.

ஞாயிறு: ஆர்லி

மனைவி காரில் வந்து எங்கள் இருவரையும் கிடர்மின்ஸ்டருக்கு அழைத்துப் போனாள். அப்பாவிடம் அவள் முதலில் கேட்டது, "சாப்பிட்டீங்களா?" அவர் சொன்ன பதில், "இருபத்தோரு மீட்டர் கண்ணு, ஒரே காஸ்டிங்."

கிடர்மின்ஸ்டரிலிருந்து செவர்ன் வேலி ரயில்வே என்ற பாரம்பரிய ரயில். நீராவி எஞ்சின், மர இருக்கை, பழைய பெட்டிகள். பியூட்லி தாண்டி ஆர்லி வருவதற்குள் ரயில் செவர்னைக் கடக்கிறது. மேலே போகும்போது பாலம் தெரியாது. ஆர்லியில் இறங்கி, ஆற்றோரமாகக் கொஞ்சம் திரும்பி நடக்க வேண்டும்.

இதுதான் விக்டோரியா பாலம். 1861. ஆல்பர்ட் எட்வர்டின் அண்ணன் என்று சொல்லலாம். அதே ஃபௌலர், அதே கோல்புரூக்டேல் கம்பெனி, அதே 61 மீட்டர்.  ஒரே வளைவில் நான்கு சட்டங்கள், ஒவ்வொன்றும் ஒன்பது துண்டுகள், போல்ட் போட்டு இணைத்தவை. நாக்கும் இல்லை, ஆப்பும் இல்லை. அயர்ன்பிரிட்ஜின் இரண்டு மடங்கு நீளத்துக்கு, ரயில் எஞ்சின் ஓடுகிற பாரத்துக்கு, இவ்வளவு ஒல்லியாக நிற்கிறது. மாமா புளோஹோல் தேடினார். கிடைக்கவில்லை.

இந்தப் பாலம் வந்த காலத்திலேயே பெரிய பாலங்களுக்கு வேறு இரும்பு வந்துவிட்டது. முதலில் அடித்து உருட்டிய தேனிரும்பு, பிறகு எஃகு. வார்ப்பிரும்பில் இதைவிடப் பெரிதாக முயலும் தேவை அதன் பிறகு இங்கிலாந்தில் யாருக்கும் ஏற்படவில்லை.

மத்தியானம் ஒரு எஞ்சின் ஐந்து பெட்டியோடு கடந்தது. மகளும் அப்பாவும் கரையில் நின்று கையசைத்தார்கள், ரயிலில் இருந்தவர்களும் அசைத்தார்கள்.

போக நினைப்பவர்களுக்குச் சில குறிப்புகள். அயர்ன்பிரிட்ஜில் நடப்பதற்குக் காசு இல்லை, அருங்காட்சியகங்களுக்கு உண்டு. ஒன்றுக்கு மேல் பார்ப்பதானால் சேர்த்து டிக்கெட் கிடைக்குமா என்று கேட்டுவிட்டு எடுங்கள். குழந்தைகள் இருந்தால் பிளிஸ்ட்ஸ் ஹில் விக்டோரியன் கிராமத்துக்குப் போகலாம். பழைய நாணயம் மாற்றிக்கொடுத்து அதில் மிட்டாய் வாங்கவைக்கிறார்கள். ஒரே நாள்தான் என்றால் காலையில் அயர்ன்பிரிட்ஜ், மத்தியானம் ஆற்றோடு நடந்து கோல்போர்ட். குளிர்காலத்தில் கிளம்புமுன் ஆற்றின் நீர்மட்டத்தைப் பாருங்கள். செவர்ன் ஏறினால் வார்ஃபேஜ் சாலையில் வெள்ளத் தடுப்பு வைத்து மூடிவிடுவார்கள். 2020 பிப்ரவரியில் அந்தத் தடுப்பையே வெள்ளம் நகர்த்தியது.